பிவிசி பலகைச் சுவரில் பாசி: ப்ளீச்சிங் பவுடரில் ஆசிட் எவ்வளவு ஊற்றுவது?

தேன்கனிக்கோட்டை மாடிவீடு:

எல்லாருக்கும் வணக்கம். எங்கள் வீடு தேன்கனிக்கோட்டையைத் தாண்டிக் கொஞ்சம் உள்ளே. கீழ்வீடு அப்பா காலத்தில் கட்டியது, நாலு வருஷத்துக்கு முன்னால் மேலே ஒரு ரூம் எடுத்தோம். வடக்குச் சுவரில் சாரல் நேராக அடிக்கிறது என்று வெளிப்பக்கம் முழுக்க வெள்ளை பிவிசி பலகை அடித்தோம். வெளிநாட்டில் வீட்டுக்கு வீடு இதைத்தான் அடிக்கிறார்கள், பெயின்டே தேவைப்படாது என்று சொல்லித்தான் கொடுத்தார்கள். முதல் இரண்டு வருஷம் பளிச்சென்று இருந்தது. இப்போது ஐப்பசி மழை ஓய்ந்து பார்த்தால் கீழ்ப்பாதி முழுக்கப் பச்சை, ஜன்னலைச் சுற்றிக் கறுப்புப் புள்ளி. துணி வைத்துத் துடைத்தால் பச்சை கொஞ்சம் வருகிறது, கறுப்பு அசையவே மாட்டேன் என்கிறது.

இங்கே கேட்டால் எல்லாரும் சொல்வது ஒன்றுதான். ப்ளீச்சிங் பவுடரைக் கரைத்து அதில் பாத்ரூம் ஆசிட் கொஞ்சம் ஊற்றினால் நுரைத்துக்கொண்டு வரும், அதை அடித்தால் எந்தக் கறையும் போய்விடும் என்கிறார்கள். இரண்டும் வாங்கி வைத்துவிட்டேன். ஞாயிற்றுக்கிழமை அம்மாவும் நானும் இறங்கலாம் என்று இருக்கிறோம். ஒரு பக்கெட்டுக்கு எவ்வளவு ஆசிட்? பலகை மஞ்சளாகிவிடுமா?

அரூர் பெயின்டர்:

தம்பி, கலக்காதீர்கள். இதற்கு அளவே கிடையாது, ஒரு மூடி கூட வேண்டாம். பலகை மஞ்சளாகுமா என்று கேட்கிறீர்கள், எனக்கு உங்கள் அம்மாவை நினைத்துத்தான் பயமாக இருக்கிறது. அந்த நுரை கறையைத் தின்கிற நுரை இல்லை. ப்ளீச்சிங் பவுடருக்குள் அடங்கிக் கிடக்கிற குளோரினை ஆசிட் அவிழ்த்துவிடுகிறது, அதுதான் பொங்கி வருகிறது. அந்த வாயு காற்றைவிட இரண்டரை மடங்கு கனம், மேலே போகாது, பக்கெட்டைச் சுற்றிக் கீழேயே நிற்கும். குனிந்து தேய்க்கிறவர் நேராக அதைத்தான் இழுப்பார். கொரோனா சமயத்தில் போட்ட மாஸ்க் இதை ஒன்றும் தடுக்காது, துண்டை நனைத்துக் கட்டினாலும் அப்படித்தான்.

திறந்த வெளிதானே என்று நினைக்காதீர்கள். இருபது வருஷத்துக்கு மேல் இந்த வேலையில் இருக்கிறேன், மாடியில் நின்று மூச்சுத் திணறி ஏணியிலிருந்து இறங்கத் தெரியாமல் இறங்கியவரைப் பார்த்திருக்கிறேன். மீதியை இரவு வந்து விளக்கமாக எழுதுகிறேன். அதுவரை அந்த இரண்டு டப்பாவையும் வேறு வேறு இடத்தில் வையுங்கள்.

பாலக்கோட்டுக்காரி:

பெயின்டர் அண்ணா சொல்வதை நான் என் உடம்பில் பட்டுத் தெரிந்துகொண்டேன், அதனால் எழுதுகிறேன். மூன்று வருஷத்துக்கு முன்னால் போகிக்கு முந்தின நாள், பாத்ரூம் டைல்ஸ் இடுக்கில் கறுப்பாகப் பூசணம் பிடித்திருந்தது. ப்ளீச்சிங் பவுடர் தூவித் தேய்த்தேன். சரியாகப் போகவில்லை என்று, அதைக் கழுவிவிடாமல், கழிவறைக்கு ஊற்றுகிற நீலத் திரவத்தை அதன்மேலேயே ஊற்றினேன். நான் எதையும் பக்கெட்டில் கலக்கவில்லை, ஒன்றன்மேல் ஒன்று ஊற்றினேன், அவ்வளவுதான். அந்த நீலத் திரவமும் ஆசிட்தான் என்று எனக்குத் தெரியாது. கதவு வேறு சாத்தியிருந்தது, பையன் ஹாலில் படித்துக்கொண்டிருந்தான் என்று நான்தான் சாத்தினேன்.

இரண்டு மூச்சுதான். தொண்டைக்குள் மிளகாய்ப்பொடியைக் கொட்டின மாதிரி. கண் திறக்க முடியவில்லை. எப்படியோ கதவைத் தள்ளிக்கொண்டு வெளியே வந்து விழுந்தேன். கொஞ்ச நேரத்தில் சரியானது போல இருந்தது, மோர் குடித்துவிட்டுப் படுத்துவிட்டேன். அதுதான் நான் செய்த இரண்டாவது தவறு. ராத்திரி பதினொரு மணிக்கு மூச்சு வாங்க ஆரம்பித்து, தர்மபுரிக்குக் கொண்டுபோய் ஆக்சிஜன் வைத்தார்கள். இந்த வாயு உள்ளே போனால் சில மணி நேரம் கழித்துக்கூட நுரையீரலில் நீர் கோக்கும், சரியாகிவிட்டது என்று வீட்டில் இருக்கக் கூடாது என்று அங்கே டாக்டர் சொன்னார். யாருக்காவது இப்படி ஆனால் முதலில் காற்றோட்டமான இடத்துக்குக் கூட்டிப் போங்கள், கண்ணில் பட்டிருந்தால் 15 நிமிஷமாவது நல்ல தண்ணீரை ஊற்றிக்கொண்டே இருங்கள், 108-ஐக் கூப்பிடுங்கள். மோர், பால், எலுமிச்சை என்று வைத்தியம் பார்த்து நேரத்தைக் கடத்தாதீர்கள்.

தேன்கனிக்கோட்டை மாடிவீடு:

படித்ததிலிருந்து எனக்குக் கை நடுங்குகிறது அக்கா. அம்மாவுக்கு ஏற்கெனவே வீசிங் உண்டு. ஆசிட் கேனை எடுத்துக்கொண்டுபோய் மோட்டார் ரூம் பக்கம் தனியாக வைத்துவிட்டேன், ப்ளீச்சிங் பவுடர் மாடியில் இருக்கிறது. சரி, ஆசிட் வேண்டாம் என்றால் வேறு எதை வைத்துக் கழுவுவது? அந்தக் கறுப்பு போகுமா?

காவேரிப்பட்டணம் மாந்தோப்பு:

தம்பி, உங்கள் கடைக்காரர் சொன்ன வெளிநாட்டு வீட்டை நான் பார்த்துவிட்டு வந்திருக்கிறேன். மகள் பிரசவத்துக்கு நியூ ஜெர்சி போய் ஆறு மாதம் இருந்தேன். அங்கே வீடே மரச்சட்டம், அதன்மேல் இந்தப் பலகையை வைனில் சைடிங் என்று வரிசை வரிசையாகத் தொங்கவிடுகிறார்கள். தொங்கவிடுகிறார்கள் என்று சொல்வது சரியான சொல்தான், ஆணியை இறுக அடிப்பதில்லை. வெயிலில் நீளும், பனியில் சுருங்கும், நகர்வதற்கு இடம் விட்டால்தான் நெளியாமல் நிற்கும் என்று மருமகன் காட்டினார். ஒவ்வொரு பலகையின் கீழ் விளிம்பிலும் சின்னச் சின்ன ஓட்டை இருக்கிறது, பின்னால் போகிற மழைத்தண்ணீர் அதன் வழியே வடிந்துவிடும். அங்கேயும் பச்சை பிடிப்பது வடக்குப் பக்கம்தான், மரநிழல் விழுகிற இடத்தில்தான். பாசி பிடிக்காது என்று யாரோ உங்களிடம் சொல்லியிருந்தால் அது சரியில்லை. பிளாஸ்டிக்கை அது தின்னாது, ஆனால் அதன்மேல் படிகிற தூசியும் மகரந்தமும் ஈரமும் அதற்குப் போதும்.

கழுவினது நானும் மருமகனும்தான். வைனில் சைடிங் இன்ஸ்டிடியூட் என்று அங்கே தயாரிப்பாளர்களுக்கு ஓர் அமைப்பு இருக்கிறது, அவர்கள் சொல்லியிருக்கிற முறை என்று படித்துக் காட்டினார்: வெள்ளை வினிகர் 30 பங்கு, தண்ணீர் 70 பங்கு, மெல்லிய முடி வைத்த பிரஷ். அவ்வளவுதான். எனக்கு நம்பிக்கையே இல்லை, ஆனால் பச்சை முழுக்க வந்தது. இன்னொன்று, நான் நம் வழக்கப்படி மேலிருந்து தேய்க்க ஆரம்பித்தேன், அவர் கையைப் பிடித்து நிறுத்தினார். கீழிருந்து மேலே தேய்த்துக்கொண்டு போக வேண்டுமாம். மேலே தேய்த்த அழுக்குத் தண்ணீர் கீழே காய்ந்து கிடக்கிற பலகையில் கோடு கோடாக இறங்கினால் அந்தக் கோடு அப்படியே நின்றுவிடும், கீழே ஏற்கெனவே நனைந்து சோப்புப் போட்டிருந்தால் நிற்காது. கடைசியில் அலசும்போது மட்டும் மேலிருந்து கீழே.

வினிகரும் ஆசிட் வகைதான் என்பதை மறக்காதீர்கள். வினிகர் போட்ட இடத்தில் ப்ளீச் போடுவதானால் நன்றாக அலசிவிட்டு, வேறொரு நாள்.

அரூர் பெயின்டர்:

மாந்தோப்பு அம்மா நன்றாகச் சொன்னார்கள். நம் ஊருக்கு ஏற்ற மாதிரி நான் கொஞ்சம் சேர்க்கிறேன். அங்கே பலகைக்குப் பின்னால் மரமும் இடைவெளியும், இங்கே செங்கல் சுவரில் ரீப்பர் என்கிற மெல்லிய சட்டம் அடித்தோ, நேரடியாகவோ ஸ்க்ரூ போட்டுவிடுகிறார்கள். அதனால் உங்கள் பலகைக்குப் பின்னால் தண்ணீர் போனால் அது எங்கே வடிகிறது என்பதை முதலில் பாருங்கள். கழுவுவது அதற்கு அப்புறம்.

எதையும் மூலையில் ஒரு சாண் இடத்தில் போட்டுப் பார்த்துவிட்டுத்தான் சுவர் முழுக்கப் போக வேண்டும். கறுப்பு என்ன என்று தெரிந்துகொள்ள ஒரு வழி இருக்கிறது: கடையில் பாட்டிலில் கிடைக்கிற துணி ப்ளீச்சை ஒரு சொட்டு அந்தக் கறுப்பின்மேல் வையுங்கள். ஒன்றிரண்டு நிமிஷத்தில் வெளுத்தால் பூசணம் அல்லது பாசி. அப்படியே இருந்தால் அது புகையோ தூசியோ, அதற்கு ப்ளீச் போட்டு எந்தப் பயனும் இல்லை, சோப்புத் தண்ணீர்தான்.

ஞாயிறு காலை வெயில் ஏறுவதற்கு முன்னால் தொடங்குங்கள். வெறும் தண்ணீரில் பலகையை நனைத்துவிட்டு, துணி சோப்புத் தூள் கலந்த தண்ணீரில் கார் கழுவுகிற மெல்லிய பிரஷ்ஷால் ஒரு தடவை தேயுங்கள். உண்மையில் பாதி வேலை இதிலேயே முடிந்துவிடும், ஆனால் யாரும் இதை நம்புவதில்லை, எடுத்தவுடன் மருந்துதான் வேண்டும் என்கிறார்கள். மீதி இருக்கிற கறுப்புக்கு மட்டும் அந்தப் பாட்டில் ப்ளீச் ஒரு பங்கு, தண்ணீர் நாலு பங்கு. ஸ்பாஞ்சில் தொட்டு வையுங்கள், பத்து நிமிஷம் விட்டுவிட்டு, காய்வதற்குள் அலசிவிடுங்கள். உச்சி வெயிலில் செய்தால் இரண்டு நிமிஷத்தில் காய்ந்துவிடும், மருந்து வேலை செய்திருக்காது, வெள்ளைத் திட்டுதான் மிஞ்சும்.

வாங்கின ப்ளீச்சிங் பவுடரையே பயன்படுத்த வேண்டுமென்றால், ஒரு லிட்டர் தண்ணீருக்கு 30 கிராம் போதும். பிளாஸ்டிக் பக்கெட்டில் தண்ணீரை முதலில் ஊற்றி, பவுடரை அதில் போட வேண்டும். அரை மணி நேரம் நிழலில் வைத்தால் சுண்ணாம்பு அடியில் தங்கும், மேலே நிற்கிற தெளிவை மட்டும் எடுங்கள். வண்டலோடு அடித்தால் பலகை இடுக்கெல்லாம் வெள்ளையாகப் படியும். வெந்நீர் வேண்டாம். திறந்து மாதக் கணக்காகக் கிடக்கிற பாக்கெட்டில் வீரியம் இருக்காது, வேலை செய்யவில்லையே என்று அளவைக் கூட்டிக்கொண்டே போகாதீர்கள். ரப்பர் கையுறையும் கண்ணாடியும் கட்டாயம். அம்மாவுக்கு வீசிங் இருக்கிறது என்றால் அவர்கள் கீழேயே இருக்கட்டும், ப்ளீச் மட்டும் போட்டாலும் அந்த வாசனை ஆகாது.

கம்பி பிரஷ், பாத்திரம் தேய்க்கிற கம்பி நார், தின்னர், பெட்ரோல் எதுவும் பலகையில் படக் கூடாது. கீறினால் அந்தக் கீறலில்தான் அடுத்த வருஷம் பாசி பிடிக்கும், தின்னர் பட்டால் பிவிசி இளகி மங்கிவிடும்.

ஓசூர் வாட்டர் சர்வீஸ்:

இவ்வளவு கஷ்டம் எதற்கு? பிரஷர் கன் வாடகைக்குக் கிடைக்கிறது, பத்து நிமிஷத்தில் சுவர் பளிச்சென்று ஆகிவிடும், மருந்தே வேண்டாம். நாங்கள் தினமும் லாரி கழுவுகிறோம், பெயின்டுக்கு ஒன்றும் ஆவதில்லை.

அரூர் பெயின்டர்:

லாரிக்குத் தகடு, பின்னால் தண்ணீர் போனாலும் வடிந்துவிடும். பலகை ஒன்றன்மேல் ஒன்று கவிழ்ந்து உட்கார்ந்திருக்கிறது, கீழே நின்று மேல்நோக்கிப் பீய்ச்சினால் அந்த இடுக்கு வழியாகத் தண்ணீர் நேராகப் பின்னால் போகும். பின்னால் போன தண்ணீர் சுவரில் ஊறும், உள்ரூமில் ஓதம் காட்டும். வெளியே பளிச்சென்றும் உள்ளே பூசணமுமாக ஒரு வீட்டைப் பொம்மிடிப் பக்கம் நானே பிரித்துப் பார்த்திருக்கிறேன்.

காவேரிப்பட்டணம் மாந்தோப்பு:

அமெரிக்காவில் பிரஷர் கன் வைத்தும் கழுவுகிறார்கள், ஆனால் அதற்கும் முறை இருக்கிறது. கண் மட்டத்தில் நேராகப் பிடிக்க வேண்டும், மேல்நோக்கிக் கூடாது, ஜன்னல் ஓரத்திலும் பைப் நுழைகிற இடத்திலும் பீய்ச்சக் கூடாது. ஏணியில் நின்றுகொண்டு கன்னை அழுத்தினால் அது ஆளைப் பின்னால் தள்ளும், மாடியில் அது வேண்டவே வேண்டாம்.

ஓசூர் வாட்டர் சர்வீஸ்:

மேல்நோக்கி அடிக்கக் கூடாது என்பதை ஒத்துக்கொள்கிறேன், நான் அதை யோசிக்கவில்லை. விசிறி மாதிரி விரிகிற நாசில் போட்டு, இரண்டு மூன்று அடி தள்ளி நின்று, கடைசியாக அலச மட்டும் பயன்படுத்தலாம். ஊசி மாதிரி வருகிற நாசில் போட்டால் பலகை நிச்சயம் கிழியும், அதையும் சொல்லிவிடுகிறேன்.

தாவரவியல் டீச்சர், கிருஷ்ணகிரி:

பச்சையையும் கறுப்பையும் எல்லாரும் ஒன்றாகவே பேசுகிறீர்கள், அவை வேறு வேறு. பச்சை என்பது பாசி, அதற்கு வெளிச்சமும் ஈரமும் வேண்டும், அதனால்தான் வெளிச்சுவரில் வருகிறது. பூசணத்துக்கு வெளிச்சம் தேவையில்லை, ஈரமும் தின்பதற்கு ஏதாவதும் இருந்தால் இருட்டிலும் வளரும். வெளிச்சுவரில் இருக்கிற கறுப்பு எல்லாமே பூசணம் என்றும் சொல்ல முடியாது, வெயிலில் காய்ந்து கறுத்த நீலப்பச்சைப் பாசியும் பார்ப்பதற்கு அப்படித்தான் இருக்கும். சில சுவர்களில் காவி நிறத்தில் வெல்வெட் மாதிரி ஒன்று படியும், டிரென்டிபோலியா என்று பெயர். அதுவும் பச்சைப்பாசி இனம்தான், உள்ளே இருக்கிற நிறமியால் காவியாகத் தெரிகிறது. நம் பக்கம் அதைச் செம்மண் என்று விட்டுவிடுவார்கள். உண்மையான செம்மண் தெறிப்பு தரையிலிருந்து ஓரடி இரண்டடிக்குள் இருக்கும், ப்ளீச் வைத்தாலும் நிறம் மாறாது.

இன்னொன்று, சுவரில் வெள்ளையாகப் பஞ்சு மாதிரி பூத்திருந்தால் உடனே பூசணம் என்று நினைக்க வேண்டாம். நம் மாவட்டங்களில் போர்த்தண்ணீர் உப்பு, அந்தத் தண்ணீரில் கட்டிய சுவர் உப்புப் பூக்கும். விரலில் தண்ணீர் தொட்டு வைத்தால் உப்பு கரையும், பூசணம் கரையாது.

ஆசிட் கலப்பு பற்றி எல்லாரும் சொல்லிவிட்டார்கள். 1915-இல் பெல்ஜியத்தில் ஈப்பர் போர்முனையில் படைவீரர்கள்மேல் திறந்துவிட்டது இதே குளோரின்தான். வகுப்பில் நான் இதைச் சொல்லும்போது பிள்ளைகள் அமைதியாகிவிடுவார்கள், அதற்கப்புறம் வீட்டில் போய்ச் சொல்கிறார்கள் என்று பெற்றோர்கள் வந்து சொல்லியிருக்கிறார்கள். அதனால் தொடர்ந்து சொல்கிறேன்.

பென்னாகரம் மாட்டுக்காரர்:

எங்கள் வீட்டுச் சுவர் ஓரமாகவே மாட்டுக்குத் தண்ணீர்த் தொட்டி, பக்கத்தில் சம்ப், முல்லைப் பந்தல். ப்ளீச் தண்ணீர் இறங்கினால் என்ன ஆகும்?

அரூர் பெயின்டர்:

தொட்டியைக் காலி செய்து கவிழ்த்துவிடுங்கள், மாட்டை வேறு இடத்தில் கட்டுங்கள், சம்ப் மூடியின்மேல் தார்ப்பாய் போட்டு ஓரத்தில் மண் வையுங்கள். முல்லைக்கு முன்னாலேயே நிறையத் தண்ணீர் ஊற்றி இலையெல்லாம் நனைத்துவிட வேண்டும், முடிந்த பிறகும் ஒரு தடவை. காய்ந்த செடிதான் ப்ளீச்சை இழுத்துக்கொண்டு கருகும். மீந்த கரைசலைக் கிணற்றிலோ ஏரி வாய்க்காலிலோ ஊற்றாதீர்கள், மீன் செத்துவிடும். அப்புறம், பயிருக்கு மருந்து அடிக்கிற டேங்கில் ப்ளீச் ஊற்றி அடிக்கிறவர்கள் இருக்கிறார்கள், வேண்டாம். உள்ளே என்ன மருந்து மிச்சம் இருக்கிறது என்று யாருக்கும் தெரியாது.

தர்மபுரி வாடகை வீடு:

இடையில் கேட்பதற்கு மன்னிக்கவும். எங்கள் ஹாலில் வீட்டுக்காரர் ஓதம் தெரியக் கூடாது என்று பிவிசி பேனல் ஒட்டியிருக்கிறார். பார்க்க அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் மழை வந்தால் பழைய கோணிப்பை வாசனை வருகிறது, சின்னவளுக்கு இருமல் நிற்கவில்லை. முன்பக்கம் ப்ளீச் போட்டுத் துடைத்தால் போதுமா?

அரூர் பெயின்டர்:

போதாது. முன்பக்கத்தில் ஒன்றும் இல்லை, எல்லாம் பின்னால் இருக்கிறது. ஓதச் சுவரின்மேல் பேனல் ஒட்டுவது புண்ணைக் கழுவாமல் துணி கட்டுவது மாதிரி, இதை நான் கேட்கிற எல்லாரிடமும் சொல்லிவிட்டேன், வேலை போனாலும் பரவாயில்லை. வீட்டுக்காரரைக் கூப்பிட்டு அவர் முன்னாலேயே கீழ்ப்பேனல் ஒன்றைக் கழற்றச் சொல்லுங்கள். குழந்தை அப்போது வீட்டில் இருக்க வேண்டாம், கழற்றும்போதுதான் தூள் அதிகம் பறக்கும். காய்ந்த பிரஷ்ஷால் தேய்க்காதீர்கள், ஈரத்துணியால் ஒற்றி எடுங்கள்.

தாவரவியல் டீச்சர், கிருஷ்ணகிரி:

இதை அழுத்திச் சொல்கிறேன், ப்ளீச் போட்டுச் செத்த பூசணமும் மூச்சுக்குழலை உறுத்தும். வெளுத்துவிட்டால் வேலை முடிந்தது என்று இல்லை, அதைச் சுவரிலிருந்து எடுக்க வேண்டும். குழந்தையை டாக்டரிடம் காட்டும்போது வீட்டில் இப்படி இருக்கிறது என்பதையும் சொல்லுங்கள்.

ராயக்கோட்டை கல்வீடு:

எங்கள் வீடு கல் பலகைச் சுவர், அதற்கு வருஷம் ஒரு தடவை சுண்ணாம்புதான். சுண்ணாம்பின் காரத்தில் பாசி சில மாதம் தலையெடுக்காது. பிளாஸ்டிக் பலகையில் சுண்ணாம்பு ஒட்டாது என்பதால் உங்களுக்கு உதவாது, ஆனால் கீழ்வீட்டு மதில் சுவருக்கு யோசித்துப் பாருங்கள்.

தேன்கனிக்கோட்டை மாடிவீடு:

ஞாயிற்றுக்கிழமை வேலை முடிந்தது. எழுதுவதற்கு நிறைய இருக்கிறது.

காலை ஏழு மணிக்கு ஆரம்பித்தோம். அம்மாவைக் கீழேயே உட்காரச் சொல்லிவிட்டேன், மச்சான் ஏணியைப் பிடித்துக்கொண்டான். சர்வீஸ் ஒயர் ஜன்னலுக்குப் பக்கத்தில்தான் வருகிறது, மெயினை ஆஃப் செய்தாலும் அந்த ஒயரில் கரன்ட் இருக்கும் என்று எலக்ட்ரீஷியன் சொன்னதால் அந்தப் பக்கம் தண்ணீரே அடிக்கவில்லை, ஈரத்துணிதான். மூலையில் சோதித்துவிட்டு சோப்புத் தண்ணீரில் கீழிருந்து தேய்த்தேன். அண்ணா சொன்னது சரி, பச்சை முக்கால்வாசி அதிலேயே போய்விட்டது. ஜன்னலைச் சுற்றி இருந்த கறுப்பில் ஒரு சொட்டு வைத்தேன், ஒரு நிமிஷத்தில் வெளுத்தது. அங்கே மட்டும் ஒன்றுக்கு நாலு கலந்து பத்து நிமிஷம் வைத்து அலசினேன். பலகை மஞ்சளாகவில்லை. இரண்டு இடத்தில் லேசாக நிழல் மாதிரி இருக்கிறது, அதை அப்படியே விட்டுவிட்டேன்.

ஆனால் முக்கியமான விஷயம் வேறு. பின்னால் தண்ணீர் எங்கே வடிகிறது என்று பாருங்கள் என்று சொன்னீர்கள் அல்லவா? பலகை அடித்தவர் கீழ் விளிம்பு முழுக்க சிலிக்கான் வைத்து அடைத்திருக்கிறார், பூச்சி போகக் கூடாது என்று. கத்தியால் ஓரிடத்தில் கீறினேன், பழுப்பாகத் தண்ணீர் சொட்ட ஆரம்பித்து அரை மணி நேரம் நிற்கவில்லை. ஐப்பசி மழை நின்று இத்தனை நாள் ஆகிவிட்டது, இந்தத் தண்ணீர் எங்கிருந்து வருகிறது என்று மேலே ஏறிப் பார்த்தால், டேங்க் நிறைந்து வழிகிற பைப் சன்ஷேடின்மேல்தான் விழுகிறது. தினமும் காலையில் மோட்டார் போடும்போது அந்தத் தண்ணீர் ஜன்னல் ஓரமாகப் பலகைக்குப் பின்னால் இறங்கியிருக்கிறது. நாலு வருஷமாக யாரும் கவனிக்கவில்லை.

அரூர் பெயின்டர்:

அந்தப் பைப்பை எல்போ போட்டுத் திருப்பி மதில் பக்கம் இறக்கிவிடுங்கள். சிலிக்கானைக் கீழே முழுக்க எடுத்துவிடுங்கள், பூச்சிக்குப் பயந்தால் கொசுவலைத் துண்டை மடித்து வையுங்கள், தண்ணீர் போகும். சன்ஷேடின் அடியில் சொட்டு நிற்கக் கோடு இழுத்திருக்கிறார்களா என்றும் பாருங்கள், இல்லையென்றால் கொத்தனாரை வைத்து ஓரத்தில் ஒரு கோடு கீறச் சொல்லுங்கள், மழைத்தண்ணீர் சுவருக்கு வராமல் அங்கேயே சொட்டிவிடும். பதினைந்து நாள் கழித்து ரூமுக்குள் அந்தச் சுவரில் கை வைத்துப் பாருங்கள். இன்னும் சில்லென்று இருந்தால் கீழ்ப்பலகை இரண்டைக் கழற்றிக் காய விட வேண்டியிருக்கும்.

தேன்கனிக்கோட்டை மாடிவீடு:

பைப் நேற்றே மாற்றிவிட்டேன் அண்ணா. கொத்தனார் வியாழக்கிழமை வருகிறேன் என்றிருக்கிறார். பதினைந்து நாள் கழித்து சுவர் எப்படி இருக்கிறது என்று இங்கேயே எழுதுகிறேன். பாலக்கோட்டு அக்கா, நீங்கள் எழுதினதை அம்மாவுக்குப் படித்துக் காட்டினேன், பக்கத்து வீட்டுப் பெண்களையும் கூப்பிட்டு உட்கார வைத்து இன்னொரு தடவை படிக்கச் சொன்னார்கள்.